பாலைவன நரி ரோமல்: திரும்பத் திரும்பக் கேட்கப்படும் கேள்விகளும் பதில்களும்

இரண்டாம் உலகப்போரைப் பற்றி எங்கே பேசப் போனாலும், பேச்சு முடிந்ததும் யாராவது எழுந்து ரோமலைப் பற்றிக் கேட்பார்கள். ஸ்டாலின்கிராடைப் பற்றிப் பேசினாலும் இதே கதைதான். கேள்விகளும் ஏறக்குறைய ஒன்றேதான்: நல்லவரா, கெட்டவரா, ஹிட்லர் ஏன் கொன்றார். வாய்ப்பேச்சில் அரைகுறையாகச் சொல்லி முடித்த பதில்களை இங்கே முழுதாக எழுதியிருக்கிறேன். கேள்விகளை மட்டும் கேட்டவர்கள் வாய்மொழியிலேயே விட்டிருக்கிறேன்.

ரோமல்னா யார் சார்? ஹிட்லரோட தளபதின்னு மட்டும்தான் தெரியும்.

எர்வின் ரோமல் 1891 நவம்பர் 15 அன்று, தெற்கு ஜெர்மனியின் வூர்ட்டம்பெர்க் பகுதியில் ஹைடன்ஹைம் என்ற ஊரில் பிறந்தார். அப்பா பள்ளி ஆசிரியர். அக்கால ஜெர்மன் தளபதிகளில் பலர் பரம்பரைப் பிரபுக் குடும்பங்களைச் சேர்ந்தவர்கள்; பெயருக்கு நடுவே 'ஃபான்' என்று வரும். ரோமலுக்கு அது கிடையாது. 1910-ல் தன் ஊர்ப்பக்கத்துக் காலாட்படை ரெஜிமென்ட் ஒன்றில் அதிகாரிப் பயிற்சிக்குச் சேர்ந்தார். 1942-ல், 50 வயதில், பீல்ட் மார்ஷல் ஆனார். 1944 அக்டோபரில் இறந்தார்.

ஆசிரியர் மகன், செல்வாக்கான உறவு இல்லாதவர், தன் திறமையால் மேலே வந்தவர். இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். ஹிட்லருக்கு அவரைப் பிடித்துப்போனதற்கும், பிரபுக் குடும்பத்துத் தளபதிகளுக்குப் பிடிக்காமல் போனதற்கும் இதில் பங்குண்டு.

இரண்டாம் உலகப்போரில்தான் பேர் எடுத்தாரா, அதுக்கு முன்னாடி ஒண்ணுமில்லையா?

நிறைய இருக்கிறது. 1917 அக்டோபர் கடைசியில் இத்தாலிய எல்லையில் கபொரேட்டோ சண்டை நடந்தது. வூர்ட்டம்பெர்க் மலைப்படையில் ரோமல் அப்போது வெறும் லெப்டினன்ட். தன் சில கம்பெனிகளுடன் மலைமுகடுகளைப் பிடித்துக்கொண்டு ஏறினார். இத்தாலிய முன்வரிசையை நேராக மோதாமல் அதன் பின்னால் போய் நின்றார். சுமார் 52 மணி நேரத்தில் மாட்டயூர் மலை உச்சியை அடைந்தார். பிடிபட்டவர்கள் ஏறத்தாழ 9,000 பேர். அவர் பக்கத்தில் இறந்தவர்கள் 6 பேர்.

எதிரியின் பின்புறம் திடீரென்று தோன்றினால் அவன் எண்ணிக்கை பார்க்காமல் கையைத் தூக்கிவிடுவான் என்ற பாடத்தை அந்த மலையில்தான் கற்றார். இருபத்தைந்து வருடம் கழித்துப் பாலைவனத்தில் செய்ததும் அதையேதான். நடந்து ஏறுவதற்குப் பதில் டாங்கி. இந்தச் சண்டைக்காக அவருக்குப் பிரஷ்யாவின் மிக உயர்ந்த விருதான 'பூர் ல மெரீட்' கிடைத்தது.

ஹிட்லர் கண்ணில் எப்படிப் பட்டார்?

முதல் உலகப்போருக்குப் பின் ரோமல் பெரும்பாலும் பயிற்சிப் பள்ளிகளில் பாடம் நடத்தினார். கோஸ்லார் நகரில் ஒரு பட்டாலியனுக்குத் தலைமை வகித்தபோது, 1934-ல் ஹிட்லரை முதன்முறை சந்தித்தார். 1937-ல் தன் முதல் உலகப்போர் அனுபவங்களைப் புத்தகமாக வெளியிட்டார். நன்றாக விற்றது, ஹிட்லருக்கும் பிடித்தது. 1939-ல் போலந்துப் படையெடுப்பின்போது ஹிட்லரின் மெய்க்காவல் பட்டாலியனுக்கு ரோமல்தான் பொறுப்பு. தினமும் பக்கத்தில் இருந்தார்.

அந்தப் பழக்கத்தின் பலன் உடனே தெரிந்தது. டாங்கிப் படையில் ஒருநாள்கூட வேலை செய்யாத காலாட்படைக்காரர் ஒரு டாங்கி டிவிஷன் கேட்டார். 1940 பிப்ரவரியில் ஏழாம் பன்சர் (டாங்கி) டிவிஷன் கிடைத்தது. அவர் திறமைசாலி என்பதில் சந்தேகமில்லை. ஆனால் அந்தக் கதவைத் திறந்தது ஹிட்லரின் தயவு. இரண்டையும் சேர்த்தே சொல்ல வேண்டும்.

பிரான்ஸ்ல அவர் டிவிஷனை 'பேய் டிவிஷன்'னு ஏன் சொன்னாங்க?

எங்கே இருக்கிறது என்று எதிரிக்கும் தெரியாது, சில சமயம் ஜெர்மன் தலைமையகத்துக்கும் தெரியாது. 1940 மே 13 அன்று டினான் அருகே மியூஸ் ஆற்றைக் கடந்தபோது, புகைத்திரை போடக் கருவி இல்லாததால் கரையோர வீடுகளுக்குத் தீ வைக்கச் சொன்னார். அந்தப் புகையின் மறைவில் படை கடந்தது. பாலம் கட்டும் இடத்தில் தானே தண்ணீரில் இறங்கி வேலை செய்தார்.

மே 21-ல் அராஸ் அருகே பிரிட்டிஷ் மடில்டா டாங்கிகள் தாக்கின. ஜெர்மன் டாங்கி எதிர்ப்புத் துப்பாக்கிகளின் குண்டுகள் அவற்றில் பட்டுத் தெறித்து விழுந்தன. ரோமல் ஒவ்வொரு பீரங்கியாக ஓடிப்போய் இலக்கு காட்டினார். அவர் பக்கத்தில் நின்ற உதவி அதிகாரி குண்டு பட்டு அங்கேயே இறந்தார். கடைசியில் காப்பாற்றியது விமானங்களைச் சுடுவதற்கென்று இருந்த 88 மில்லிமீட்டர் பீரங்கி. அதைத் தாழ்த்தி டாங்கிகள் மேல் திருப்பினார்கள். இந்தப் பீரங்கி பின்னாலும் வரும்.

ஜெர்மனிக்கு ஆப்பிரிக்காவில் என்ன வேலை?

அது இத்தாலியின் சண்டை. லிபியா அப்போது இத்தாலியின் காலனி. அங்கிருந்து எகிப்துக்குள் நுழைந்த முசோலினியின் படையை, 1940 டிசம்பரில் தொடங்கிய தாக்குதலில் பிரிட்டிஷ் படை நொறுக்கிவிட்டது. கூட்டாளி அடியோடு சரியாமல் இருக்க ஹிட்லர் ஒரு சிறு படையை அனுப்பினார். 1941 பிப்ரவரி 12 அன்று ரோமல் திரிப்போலியில் இறங்கினார்.

பெர்லின் சொன்னது, இருக்கும் இடத்தைக் காப்பாற்று, மே மாதம் அடுத்த டிவிஷன் வரும்வரை பொறு என்பதுதான். ரோமல் மார்ச் மாதமே தாக்கினார். ஜெர்மன் ராணுவ ரகசியச் செய்திகளைப் படித்துக்கொண்டிருந்த பிரிட்டிஷ் தரப்பு, இப்போதைக்குத் தாக்குதல் வராது என்று கணக்குப் போட்டிருந்தது. உத்தரவை அவர்கள் சரியாகவே படித்தார்கள், ரோமல்தான் அதன்படி நடக்கவில்லை. கடுப்பான பெர்லின் தலைமையகம் அவரைக் கண்காணிக்க ஏப்ரலில் ஒரு மூத்த அதிகாரியை அனுப்பியது. அவர் பெயர் பவுலஸ்; பின்னாளில் ஸ்டாலின்கிராடில் சரணடைந்தாரே, அதே ஆள்.

தொப்பி மேல ஒரு கண்ணாடி மாட்டியிருப்பாரே, அது என்ன ஸ்டைலா?

அது பிரிட்டிஷ் கண்ணாடி. 1941 ஏப்ரல் 8 அன்று லிபியாவின் உள்நாட்டில் மெக்கிலி என்ற பழைய கோட்டை விழுந்தது. பிடிபட்ட பொருட்களைப் பார்வையிட்ட ரோமல், ஒரு ஜோடி பிளாஸ்டிக் பாதுகாப்புக் கண்ணாடியை எடுத்துத் தொப்பியின் முன்விளிம்பில் மாட்டிக்கொண்டார். பாலைவனத்துத் தூசிக்கு உண்மையிலேயே உதவும். அவர் பயணித்த பெரிய கட்டளை வண்டியும் அப்போது கைப்பற்றியதுதான். 'மம்மூத்' என்று பெயர் வைத்தார்கள்.

மெக்கிலியில் அன்று சூழப்பட்டு நின்ற படைகளில் ஒன்று, மூன்றாவது இந்திய மோட்டார் பிரிகேடு. அதில் ஒரு பகுதி முற்றுகையை உடைத்துக்கொண்டு தப்பியது. இந்தப் பிரிகேடின் பெயரையும் நினைவில் வையுங்கள்.

அவரோட படை 'ஆப்ரிக்கா கோர்' தானே? இத்தாலிக்காரங்க சும்மா ஓடுறவங்கதானே?

இரண்டுமே பாதி தப்பு. ஆப்ரிக்கா கோர் என்பது இரண்டு மூன்று ஜெர்மன் டிவிஷன்கள் கொண்ட ஒரு பகுதிதான். அதை ரோமல் நேரடியாக நடத்தியது 1941 ஆகஸ்ட் வரை. பிறகு அதையும் இத்தாலியப் படைகளையும் சேர்த்த பெரிய அமைப்புக்குத் தலைவரானார். அந்தப் பெரும்படையில் எண்ணிக்கையில் அதிகம் பேர் இத்தாலியர்கள். காகிதத்தில் பார்த்தால், ரோமலே இத்தாலிய மேலதிகாரிக்குக் கீழ்தான் வேலை செய்தார்.

இத்தாலியர்களைக் கேலி செய்வதை நிறுத்தினால் நல்லது. பழைய டாங்கி, பலவீனமான பீரங்கி, வண்டிகள் போதாது. ஆனாலும் அரியெட்டே டாங்கி டிவிஷன் எகிப்தின் எல் அலமெய்னில் அழியும்வரை நின்று போரிட்டது. ஜெர்மானியர்கள் பின்வாங்க வண்டிகளைப் பிடித்துக்கொண்டபோது, பாலைவனத்தில் கால்நடையாக விடப்பட்டவர்கள் பெரும்பாலும் இத்தாலியக் காலாட்படையினர்.

'பாலைவன நரி'ங்கற பேரை யார் வச்சது? எதிரியே புகழ்ந்தான்னு சொல்றாங்களே?

அது பிரிட்டிஷ் தரப்பில் பரவி, ஜெர்மானியர்களும் பெருமையோடு எடுத்துக்கொண்ட பெயர். நம் காதுக்கு 'நரி' என்றால் கொஞ்சம் இழிவு ஒட்டியிருக்கும். அவர்கள் சொன்னது தந்திரத்தை மெச்சி.

எதிரி புகழ்ந்ததும் உண்மை. 1942 ஜனவரியில் சர்ச்சில் நாடாளுமன்றத்திலேயே ரோமலைத் துணிச்சலும் திறமையும் உள்ள மாபெரும் தளபதி என்றார். சர்ச்சிலுக்கு அதில் ஒரு வசதியும் இருந்தது: தோல்விக்குத் தன் படையின் குறைகளைச் சொல்வதைவிட எதிரியின் மேதைமையைச் சொல்வது எளிது. அங்கே களத்தில் இருந்த பிரிட்டிஷ் தளபதி ஆக்கின்லெக்குக்கோ இந்தப் பேச்சு தலைவலி. நம் வீரர்கள் ரோமலை மந்திரவாதி போலப் பேசுகிறார்கள், இதை நிறுத்துங்கள், எதிரி என்று மட்டும் சொல்லுங்கள் என்று தன் அதிகாரிகளுக்கு எழுதினார். ஜெர்மனியில் கோயபல்ஸின் பிரசாரத் துறை இதே வேலையை இன்னும் பெரிதாகச் செய்துகொண்டிருந்தது. ரோமலுக்கும் படம் பிடிக்கப்படுவது பிடிக்கும்.

டோப்ரூக்கைப் பிடிச்சதுதான் அவரோட உச்சமா?

ஆமாம். 1941-ல் எட்டு மாதம் முற்றுகையிட்டும் லிபியாவின் டோப்ரூக் துறைமுகம் விழவில்லை. ஆஸ்திரேலியர்கள் தலைமையில் நின்ற காவற்படை அசையவில்லை. அந்த ஆண்டு இறுதியில் பிரிட்டிஷ் தாக்குதலில் ரோமல் புறப்பட்ட இடத்துக்கே பின்வாங்க வேண்டியும் வந்தது. 1942 மே 26 அன்று டோப்ரூக்குக்கு மேற்கே கஸாலாவில் மறுபடி தொடங்கினார். கண்ணிவெடி வயல்களைத் தெற்கே சுற்றிப் போய்ப் பின்புறம் தோன்றினார். மாட்டயூர் பாடம்தான். எரிபொருள் தீர்ந்து நடுவில் மாட்டிக்கொண்டு, தோற்கவேண்டிய கட்டத்தில் தப்பித்து, ஜூன் 21-ல் டோப்ரூக்கை ஒரே நாள் தாக்குதலில் வீழ்த்தினார். சுமார் 33,000 பேர் சிறைப்பட்டார்கள். மறுநாள் பீல்ட் மார்ஷல்.

எதிரியின் திட்டம் அவருக்கு அடிக்கடி முன்கூட்டியே தெரிந்ததும் ஒரு காரணம். கெய்ரோவிலிருந்த அமெரிக்க ராணுவப் பிரதிநிதி வாஷிங்டனுக்கு அனுப்பிய விவரமான செய்திகளை, திருடப்பட்ட சங்கேதப் புத்தகத்தின் உதவியால் இத்தாலியர்களும் ஜெர்மானியர்களும் படித்தார்கள். ஜூன் இறுதியில் அந்த ஊற்று அடைபட்டது. ஜூலை 10 அன்று அவருடைய ஒட்டுக்கேட்கும் வானொலிப் பிரிவும் பிடிபட்டது. அதற்குப் பின் நரிக்கு முன்போல மோப்பம் கிடைக்கவில்லை.

அப்புறம் எல் அலமெய்ன்ல ஏன் தோத்தார்? பெட்ரோல் இல்லாததாலதானே?

பெட்ரோல் இல்லை என்பது சரி. ஏன் இல்லை என்று கேட்டால்தான் விஷயம் புரியும். திரிப்போலி துறைமுகத்திலிருந்து எல் அலமெய்ன் ஏறத்தாழ 2,000 கிலோமீட்டர். லாரி கொண்டுவரும் எரிபொருளில் பெரும்பங்கை அந்த லாரியே குடித்துவிடும். கடலில் மால்டா தீவிலிருந்து கிளம்பும் விமானங்களும் நீர்மூழ்கிகளும் கப்பல்களை மூழ்கடித்தன. எந்தக் கப்பல் எப்போது கிளம்புகிறது என்பதையும் சங்கேதம் உடைத்துப் பிரிட்டிஷார் அறிந்திருந்தார்கள். டோப்ரூக் விழுந்ததும் முதலில் மால்டாவைப் பிடிப்பது என்றுதான் ஏற்பாடு. ரோமல்தான், எதிரி ஓடுகிறான், இப்போதே எகிப்துக்குள் போகவேண்டும் என்று வற்புறுத்தினார். மத்தியதரைக்கடல் பகுதி ஜெர்மன் படைகளின் தலைவர் கெஸல்ரிங் எதிர்த்தார், ஹிட்லர் ரோமல் பக்கம் சாய்ந்தார்.

எல் அலமெய்னில் வடக்கே கடல், தெற்கே கட்டாரா பள்ளம். டாங்கி இறங்க முடியாத சதுப்பும் மணலும். பாலைவனம் முழுக்க அவருக்குக் கைகொடுத்த சுற்றிவளைப்பு இங்கே நடக்காது. ஜூலையில் ஆக்கின்லெக் தடுத்தார். ஆகஸ்ட் இறுதியில், அதே பக்கத்து அலம் ஹல்ஃபா மேட்டில், புதிதாக வந்த பிரிட்டிஷ் தளபதி மான்ட்கோமரி தடுத்தார். அக்டோபர் 23 இரவு மான்ட்கோமரி தாக்கியபோது, அவரிடம் டாங்கிகள் ஆயிரத்துக்கும் மேல். எதிர்ப்பக்கம் இத்தாலிய டாங்கிகளையும் சேர்த்து ஐந்நூற்றுச் சொச்சம். ரோமல் அன்று ஆஸ்திரியாவில் மருத்துவ விடுப்பில் இருந்தார். பதிலாக இருந்த தளபதி ஸ்டும்மே மறுநாள் மாரடைப்பில் இறந்தார். ரோமல் 25-ஆம் தேதி மாலைதான் திரும்பினார்.

நவம்பர் 3 அன்று ஹிட்லரின் தந்தி வந்தது: ஓரடி பின்வாங்கக்கூடாது, வெற்றி அல்லது சாவு. ரோமல் ஒரு நாள் அதற்குக் கட்டுப்பட்டார். மறுநாள் பின்வாங்கச் சொன்னார். ஹிட்லர் மேலிருந்த நம்பிக்கையில் முதல் விரிசல் அன்றுதான் விழுந்தது என்று நான் நினைக்கிறேன். 1943 மார்ச்சில் அவர் ஆப்பிரிக்காவை விட்டுப் போனார். மே மாதம் துனீசியாவில் மிச்சப் படை சரணடைந்தது. இரண்டு லட்சத்துக்கும் மேற்பட்டவர்கள்.

இவரை எதிர்த்து நம்ம ஆளுங்க யாராவது போரிட்டாங்களா?

நிறையப் பேர். நான்காவது இந்திய டிவிஷன் இந்தப் பாலைவனத்தில் நெடுங்காலம் நின்றது. மெட்ராஸ் சாப்பர்ஸ் வீரர்கள் அதில் இருந்தார்கள். பாலம், பாதை, கண்ணிவெடி என்று முன்வரிசைக்கும் முன்னால் போகவேண்டிய வேலை சாப்பர்களுடையது. டோப்ரூக் விழுந்தபோது பதினோராவது இந்திய பிரிகேடும் உள்ளே இருந்தது.

தமிழர் ஒருவர் பெயரைக் கட்டாயம் சொல்லவேண்டும். திருச்செங்கோட்டுப் பக்கத்துக் குமாரமங்கலம் ஜமீன் குடும்பத்தைச் சேர்ந்த, சென்னை மாகாண முதல்வராக இருந்த சுப்பராயனின் மகன் பி. பி. குமாரமங்கலம் அப்போது பீரங்கிப்படை அதிகாரி. மேலே சொன்ன மூன்றாவது இந்திய மோட்டார் பிரிகேடு, 1942 மே 27 காலையில், பீர் ஹக்கீம் அருகே ரோமலின் சுற்றிவளைப்புப் பாதையில் நேராக நின்றது. பீரங்கிக்காரர்கள் டாங்கிகளை மிக அருகில் வரவிட்டுச் சுட்டார்கள். கடைசியில் நிலை மிதிபட்டது. குமாரமங்கலத்துக்கு டி.எஸ்.ஓ. என்ற பிரிட்டிஷ் ராணுவ விருது கிடைத்தது. போர்க்கைதியாக இத்தாலியிலும் ஜெர்மனியிலும் இருந்தார். 1966 முதல் 1969 வரை இந்திய ராணுவத் தலைமைத் தளபதி அவர்தான்.

இன்னொரு பக்கமும் உண்டு. ரோமலிடம் பிடிபட்ட இந்திய வீரர்களிலிருந்து ஒரு பகுதியினர், ஜெர்மனியில் நேதாஜி உருவாக்கிய இந்திய லீஜியனில் சேர்ந்தார்கள். அந்தப் படை பின்னர் பிரான்ஸின் அட்லான்டிக் கரைக் காவலுக்கு அனுப்பப்பட்டது. 1944 பிப்ரவரியில் போர்தோ பக்கம் அவர்களைப் பார்வையிட வந்தவர் இதே ரோமல்.

நார்மண்டியில் மனைவி பிறந்தநாளுக்கு லீவு போட்டதாலதான் ஜெர்மனி தோத்துச்சா?

லீவு போட்டது உண்மை. பிரான்ஸின் நார்மண்டிக் கரையில் நேச நாட்டுப் படைகள் இறங்கியபோது, அந்தக் கரையைக் காக்கும் படை ரோமலிடம் இருந்தது. அவர்கள் இறங்கிய 1944 ஜூன் 6, அவர் மனைவி லூசியின் ஐம்பதாவது பிறந்தநாள். வானிலை மோசம், படகு வராது என்று நம்பி ஜெர்மனி போனார். ஹிட்லரைச் சந்தித்துக் கூடுதல் டாங்கி டிவிஷன்கள் கேட்கும் எண்ணமும் இருந்தது. ஆனால் அவர் அங்கேயே இருந்திருந்தாலும் கதை பெரிதாக மாறியிருக்காது.

சிக்கல் வேறு. டாங்கிகளைக் கரையருகே நிறுத்தவேண்டும், முதல் நாளே எதிரியைக் கடலில் தள்ளவேண்டும் என்றார் ரோமல். அலம் ஹல்ஃபாவில் எதிரி விமானங்கள் தலைக்குமேல் இருக்கையில் டாங்கி நகர முடியாததை அவர் நேரில் கண்டவர். மேலதிகாரி ருண்ட்ஸ்டெட் டாங்கிகளை உள்ளே தள்ளி வைத்து மொத்தமாக அடிக்க விரும்பினார். ஹிட்லர் யார் பக்கமும் முழுதாகச் சாயாமல் டாங்கிகளைப் பிரித்துக் கொடுத்து, மிச்சத்தைத் தன் அனுமதியில்லாமல் அசையாதபடி வைத்துக்கொண்டார்.

ஹிட்லரைக் கொல்லும் சதியில் இவர் இருந்தாரா, இல்லையா?

எனக்கு வரும் கேள்விகளில் மிகச் சிக்கலானது இது. உறுதியாகச் சொல்லக்கூடியவை: போர் தோற்றுவிட்டது, மேற்கில் நிறுத்தவேண்டும் என்று அவர் நம்பினார். ஜூலை 9 அன்று சதிக்குழுவின் தூதரான ஹோஃபாக்கர் அவரைச் சந்தித்துப் பேசினார். ஜூலை 15-ல் நிலைமை முடிவை நெருங்குகிறது, தகுந்த முடிவை எடுங்கள் என்று ஹிட்லருக்கே எழுதினார். ஜூலை 17 அன்று அவர் காரை விமானம் சுட்டது, மண்டையோடு உடைந்தது. ஜூலை 20-ல் ஹிட்லரைக் கொல்லச் சதிக்குழு வைத்த குண்டு வெடித்தபோது அவர் ஆஸ்பத்திரியில்.

குண்டு வைக்கப்போவது அவருக்குத் தெரியுமா என்பதில் வரலாற்றாசிரியர்கள் இன்றும் பிரிந்து நிற்கிறார்கள். கொலையை அவர் ஏற்கவில்லை, கைதுசெய்து விசாரிக்கவேண்டும் என்றார் என்பது குடும்பத்தினர் சொன்னது. அவரைச் சதியின் நடுநாயகமாகக் காட்டியவர்களில் முக்கியமானவர், அவருக்குக் கீழே 'சீஃப் ஆஃப் ஸ்டாஃப்' ஆக இருந்த ஸ்பைடல். போருக்குப் பின் புதிய ஜெர்மன் ராணுவத்தில் உயர்பதவிக்கு வந்தவர். அவருக்குக் களங்கமற்ற ஒரு ரோமல் தேவைப்பட்டார். ரோமல் பற்றி எந்தக் கதை கேட்டாலும் யார் சொன்னது, எந்த வருடம் சொன்னது என்று பாருங்கள்.

கடைசியில் எப்படித்தான் இறந்தார்?

1944 அக்டோபர் 14, சனிக்கிழமை. உல்ம் அருகே ஹெர்லிங்கன் கிராமத்து வீட்டில் காயம் ஆறிக்கொண்டிருந்தார். மகன் மான்ஃப்ரெட்டுக்கு வயது 15. விமான எதிர்ப்புப் படையிலிருந்து அன்று காலைதான் வந்திருந்தான். நண்பகலில் பெர்லினிலிருந்து புர்க்டோர்ஃப், மைசெல் என்ற இரு ஜெனரல்கள் வந்தார்கள். தனியாகப் பேசினார்கள். தேசத்துரோக விசாரணை, இல்லாவிட்டால் விஷம். விஷம் என்றால் குடும்பத்துக்குத் தொல்லை இல்லை, அரசு மரியாதையோடு அடக்கம்.

மாடிக்குப் போய் மனைவியிடம் சொன்னார். பிறகு மகனிடம் சொன்னார். கிளம்பும்போது வீட்டு நாய்க்குட்டி சந்தோஷமாக அவர் மேல் தாவியது. அதை அறையில் விட்டுக் கதவைச் சாத்தச் சொன்னார். ஆப்பிரிக்கா காலத்து மேலங்கியும் கையில் மார்ஷல் கோலுமாகக் காரில் ஏறினார். கார் ஊருக்கு வெளியே சிறிது தூரம் போய் நின்றது. கொஞ்ச நேரத்தில் உல்ம் ஆஸ்பத்திரியிலிருந்து வீட்டுக்குத் தொலைபேசி வந்தது. போர்க் காயத்தால் இறந்தார் என்று நாட்டுக்கு அறிவித்தார்கள். நான்கு நாள் கழித்து நடந்த அரசு இறுதிச்சடங்கில், அவர் இதயம் ஹிட்லருக்கே சொந்தம் என்று ருண்ட்ஸ்டெட் படித்தார். அந்த மகன் பிற்காலத்தில் ஸ்டுட்கார்ட் மேயராக 22 ஆண்டுகள் இருந்தார்.

சுத்தி வளைக்காம சொல்லுங்க, அவர் நாஜியா இல்லையா?

கட்சி உறுப்பினர் இல்லை. ஆனால் ஹிட்லரைப் பல ஆண்டுகள் மனதார மதித்தார், ஹிட்லரால் வளர்ந்தார், ஹிட்லரின் பிரசாரத்துக்கு முகமாக இருந்தார். பிடிபட்ட கமாண்டோக்களைக் கொல்லச் சொன்ன 1942 உத்தரவை அவர் தன் படைக்கு அனுப்பவில்லை; கிழித்து எரித்தார் என்று உடனிருந்தவர்கள் சொன்னார்கள். அது அவர் கணக்கில் நல்ல வரவு. அதற்காக மற்றதை அழிக்க முடியாது.

ஆனா ஆப்பிரிக்காவில் நடந்தது 'நேர்மையான போர்'தானே? சிவிலியன்களே இல்லையே?

பாலைவனத்தில் ஊர்கள் குறைவு, கைதிகளைப் பெரும்பாலும் இருபக்கமும் முறையாக நடத்தினார்கள். இதில் உண்மை இருக்கிறது. ஆனால் அந்தப் போர் எதற்காக என்று பாருங்கள். 1942 கோடையில், யூதர்களைக் கொல்வதற்கென, நாஜிக் கட்சியின் ஆயுதப்படையான எஸ்.எஸ்.ஸின் ஒரு பிரிவு வால்ட்டர் ரௌஃப் தலைமையில் ஏதென்ஸில் தயாராக இருந்தது. ரோமல் எகிப்தைத் தாண்டினால் பின்னாலேயே போக வேண்டியவர்கள். கிழக்கே விஷவாயு வண்டிகளை ஏற்பாடு செய்தவர் இந்த ரௌஃப். எல் அலமெய்னில் ரோமல் தடுக்கப்பட்டதால் அவர்கள் அங்கே போகவில்லை. நவம்பரில் ரௌஃப் துனிஸுக்கு வந்தார். யூத ஆண்கள் ஆயிரக்கணக்கில் கட்டாய வேலைக்குப் பிடிக்கப்பட்டார்கள்.

ரோமல் யூதர்களைக் கொல்லச் சொன்னார் என்று யாரும் காட்டவில்லை. அவர் வென்ற ஒவ்வொரு மைலும் அந்தக் கொலைகாரர்களுக்குப் பாதை போட்டிருக்கும் என்பதையும் மறைக்கக்கூடாது. அவருடைய சண்டைகளை ரசித்துப் படித்த காலத்தில் இதை நான் யோசிக்கவே இல்லை. இப்போது இதைச் சொல்லாமல் கஸாலாவைப் பற்றிப் பேச மனம் வருவதில்லை.

ஜெர்மனியில் இப்போ அவரை எப்படிப் பார்க்கிறாங்க?

ஒரே கருத்து கிடையாது. போருக்குப் பின் மேற்கு ஜெர்மனி ராணுவ முகாம்களுக்கு அவர் பெயரை வைத்தது. சோவியத்துக்கு எதிராக ஜெர்மனியை அணைத்துக்கொள்ள வேண்டியிருந்த பிரிட்டனுக்கும் அமெரிக்காவுக்கும் 'நல்ல ஜெர்மானியர்' ஒருவர் கிடைத்தது வசதியாக இருந்தது. இப்போது அந்தப் பெயர்களை மாற்றச் சொல்லும் குரல்களும் உண்டு.

பிறந்த ஊரான ஹைடன்ஹைமில் 1961-ல் அவருக்கு ஒரு பெரிய கல் நினைவுச்சின்னம் எழுப்பினார்கள். அதை இடிப்பதா வைப்பதா என்று நீண்டகாலம் சச்சரவு நடந்தது. இடிக்கவில்லை. 2020-ல் அதன் முன்னால் ஓர் உருவத்தை நிறுத்தினார்கள்: கண்ணிவெடியில் ஊனமான ஒரு மனிதனின் நிழலுரு. எல் அலமெய்ன் பக்கத்து மணலில் இரு தரப்பும் புதைத்த வெடிகள் போர் முடிந்து பல பத்தாண்டுகளுக்குப் பிறகும் எகிப்தின் ஆடு மேய்ப்பவர்களைக் கொன்றும் முடமாக்கியும் வந்திருக்கின்றன.